சுடலையை வெளியே அனுப்பு

ஏலே பேராண்டி, அந்த நோட்டை இங்கன கொண்டா பாப்போம். ரெண்டு பக்கம் எழுதி, ரெண்டு பக்கத்தையும் குறுக்க அடிச்சு வச்சிருக்கியே, இது வீட்டுக் கணக்கா, இல்ல வாத்தியார் மேல உள்ள கோவமா? ஒம்பதாங்கிளாஸ் பிள்ளைக்கு ஒரு கணக்கு வரலன்னா தப்பில்ல. வராத கணக்க இம்புட்டு நீளத்துக்கு எழுதணும்னா அதுக்குத் தனித் தெம்பு வேணும். அது ஒங்கிட்ட தாராளமா இருக்கு. உங்க அப்பன் வழி.

கணக்கு என்ன? இந்தா, புத்தகத்துல இருக்கு.

3எக்ஸ் + 4ஒய் = 25
5எக்ஸ் − 6ஒய் = −9

எக்ஸும் ஒய்யும் எனக்கு வெத்தலை மென்னுக்கிட்டுச் சொல்ல வரல. நான் எக்ஸுக்கு முத்துன்னும் ஒய்யிக்குச் சுடலைன்னும் பேர் வச்சிக்கிடுதேன். பேர மாத்துனா கணக்கு கோவிச்சிக்கிடாது. ஒங்க வாத்தியார் கோவிச்சிக்கிட்டார்னா என்கிட்ட அனுப்பு, நான் பேசிக்கிடுதேன்.

இப்பம் இதப் பஞ்சாயத்தா நெனச்சிக்கோ. ஊர்ல ஒரு களவு. முத்தும் சுடலையும் ஒண்ணா வந்து நிக்கானுவ. ரெண்டு பேரும் ஒரே நேரத்துல வாயத் தொறக்கானுவ. நீ என்ன பண்ணுத? ரெண்டு பேரையும் ஒரே திண்ணையில உக்கார வச்சி மாத்தி மாத்தி மிரட்டுத. விடிய விடிய மிரட்டுனாலும் ஒரு உண்மையும் வராது. ஒருத்தன் வாயத் தொறந்தா மத்தவன் கண்ணக் காட்டுவான். வெவரமான பெரிய மனுசன் என்ன செய்வான்? “ஏ சுடலை, நீ போயி வேப்ப மரத்தடியில நில்லு”ம்பான். முத்து தனியா மாட்டுவான். தனியா மாட்டுனவன் எத்தன நேரம் தாங்குவான்? அவன் உண்மையக் கக்குன பொறவு சுடலையக் கூப்பிட்டா, அவனுக்குப் பொய் சொல்ல எடமே கெடையாது. நீக்கல் முறைன்னு ஒம் புத்தகத்துல கட்டம் போட்டுக் காட்டியிருக்கானே, அதுக்குள்ள இருக்கிற சூட்சுமம் இம்புட்டுத்தான்.

ஆனா சுடலை சொன்னவொடனே கெளம்புற ஆளு இல்ல. மொத வரியில 4 சுடலையா நிக்கான், ரெண்டாவது வரியில கழித்தல் 6 சுடலையா நிக்கான். அவன் போகணும்னா ரெண்டு வரியிலயும் ஒரே எண்ணிக்கையில, எதிரெதிர்க் குறியோட நிக்கணும். அப்பம்தான் ஒருத்தன ஒருத்தன் தின்னு தீத்துட்டு எடத்தக் காலி பண்ணுவான். 4-க்கும் 6-க்கும் பொதுவா 12 இருக்கு. மொத வரி முழுசையும் 3-ஆல பெருக்கு, ரெண்டாவது வரி முழுசையும் 2-ஆல பெருக்கு.

9முத்து + 12சுடலை = 75
10முத்து − 12சுடலை = −18

இப்பம் கோடு போட்டுக் கூட்டு. சுடலை போயிட்டான். 19முத்து = 57. முத்து 3. அத மொத வரியில போடு, 9 + 4சுடலை = 25. சுடலை 4. முடிஞ்சது சோலி. இதுக்கா ரெண்டு பக்கம்?

நீ அடிச்சதுக்குக் கீழ இருக்கிறதயும் படிச்சிட்டேன், மறைக்காத. மொத தடவ இடப்பக்கத்த மட்டும் 3-ஆல பெருக்கியிருக்க. வலப்பக்கத்து 25 அப்படியே இருக்கு. அது ஒனக்கு என்ன துரோகம் செஞ்சது? சரக்க மூணு மடங்கா அள்ளிக்கிட்டுப் பழைய காசையே குடுத்தா புளியங்குடி எலுமிச்சை மண்டியில ஒன்னைய உக்கார வச்சி சோறு போடுவானா? ரெண்டாவது தடவ, எதுக்குன்னு தெரியல, 6-ஆலயும் 4-ஆலயும் பெருக்கியிருக்க. தப்பில்ல, அதுவும் வரும். 38முத்து = 114-ன்னு வந்திருக்கும். ஆனா பெரிய நம்பரக் கண்டா ஒனக்கு வேர்க்கும்னு எனக்குத் தெரியும், ஒனக்குத் தெரியல.

மூணாவது தடவ நீ பண்ணுனதுதான் இந்த ஊர்ல பாதிப் பிள்ளைய பண்ணுறது. முத்த வெளிய அனுப்பப் பாத்திருக்க. ரெண்டு வரியிலயும் 15முத்தா கொண்டாந்தாச்சி, அதுவரைக்கும் சரி.

15முத்து + 20சுடலை = 125
15முத்து − 18சுடலை = −27

கழிக்கணும். 20-லேருந்து கழித்தல் 18-அக் கழிச்சா என்னலே வரும்? 2-ன்னு எழுதியிருக்க. 38 வரணும். 125-லேருந்து கழித்தல் 27-அக் கழிச்சா 98-ன்னு எழுதியிருக்க. 152 வரணும். 152-அ 38-ஆல வகுத்தா 4, நம்ம சுடலை. நீ கண்டுபிடிச்ச சுடலை 49. அம்பதுக்கு ஒண்ணு குறைச்சலா ஒரு சுடலை வந்து நிக்கும்போதாவது ஒரு சந்தேகம் வர வேண்டாமா?

அதனால தாத்தா ஒண்ணு சொல்லுதேன், கேட்டுக்கோ. கழிக்கவே கழிக்காத. கழிக்கணும்னு தோணுச்சின்னா, ரெண்டாவது வரியில இருக்கிற எல்லாக் குறியையும், எல்லான்னா சமக்குறிக்கு அந்தப் பக்கம் இருக்கிறதையும் சேத்து, திருப்பி எழுது. கூட்டல் கழித்தலாவும், கழித்தல் கூட்டலாவும் போகட்டும். அந்த வரிய −1-ஆல பெருக்குனதா அர்த்தம். பொறவு கண்ண மூடிக்கிட்டுக் கூட்டு. ஒரு வரி கூட எழுதணும், அம்புட்டுத்தானே? நீதான் ரெண்டு பக்கம் எழுதி அடிக்கிற ஆளாச்சே, ஒரு வரிக்கா பஞ்சம்?

“கூட்டலாம்னு யாரு சொன்னா தாத்தா?”ன்னு கேட்டுட்ட பாரு, இந்த வாரத்துல நீ கேட்ட ஒரே உருப்படியான கேள்வி. யூக்ளிட்னு ஒரு கிரேக்கத்துக்காரர், சமமானதோட சமமானதச் சேத்தா மொத்தமும் சமமாத்தான் இருக்கும்னு தன் புத்தகத்துல ஒரு பொது விதியாவே வச்சிட்டுப் போயிட்டார். வடிவியலுக்குச் சொன்னதுன்னாலும் நம்ம சமன்பாட்டுக்கும் அதுதான் பிடிமானம். அவரையும் நம்பலன்னா மண்டிக்கு வா. ரெண்டு பேர் தனித்தனியாப் பழம் வாங்குதாங்க. ரெண்டு பேர் பழத்தையும் ஒரே சாக்குல கொட்டு, ரெண்டு பேர் காசையும் ஒரே கல்லாவுல போடு. சாக்குல இருக்கிற சரக்குக்கு கல்லாவுல இருக்கிற காசு சரிதானா? சரிதான். அம்புட்டுத்தான் கூட்டல்.

பழம்னு சொன்னதும் ஞாபகம் வருது. மகாவீராச்சாரியார்னு ஒரு சமணர், கன்னட தேசத்துல, மான்யகேடத்துலேருந்து ஆண்ட ராஷ்டிரகூட ராசா அமோகவர்ஷன் காலத்துல இருந்தவர். கி.பி. 850 வாக்குல ‘கணித சார சங்கிரகம்’னு ஒரு புத்தகம் எழுதுனார். சமஸ்கிருதம், முழுக்கச் செய்யுள். சென்னை மாநிலக் கல்லூரியில சமஸ்கிருதப் பேராசிரியரா இருந்த ரங்காச்சாரியார் அத இங்கிலீஷுல பேர்த்து, 1912-ல சென்னையிலயே அச்சாச்சி. மண்டியில கணக்கு எழுதுனவன் நான், பழ விலை பேசுற புத்தகம்னா விடுவேனா? அதுல ஒரு கணக்கு: 9 நாரத்தையும் 7 விளாம்பழமும் சேத்து விலை 107. 7 நாரத்தையும் 9 விளாம்பழமும் சேத்து விலை 101. ஒவ்வொண்ணும் என்ன விலை?

அவர் சொன்ன வழி, நம்ம பஞ்சாயத்து வழியேதான். பெரிய தொகையப் பெரிய எண்ணிக்கையால பெருக்கு, 107 × 9 = 963. சின்னத் தொகையச் சின்ன எண்ணிக்கையால பெருக்கு, 101 × 7 = 707. வித்தியாசம் 256. அந்தப் பக்கம் 9 × 9 = 81, அதுலேருந்து 7 × 7 = 49 போனா 32. 256-அ 32-ஆல வகுத்தா 8, அது நாரத்தை. 9 நாரத்தைக்கு 72 போக மிச்சம் 35, விளாம்பழம் ஒண்ணு 5. விளாம்பழம் சத்தமில்லாம வெளிய போயிட்டு, பொறவு விலையோட உள்ள வந்துடுச்சி பாத்தியா?

நல்ல வழிதான், நான் குறை சொல்லல. ஆனா நான் சோம்பேறி. பெருக்குறதுக்கு முன்ன வெத்தலையில சுண்ணாம்பு தடவுற நேரமாவது அந்த ரெண்டு வரியையும் சும்மா பாத்துக்கிட்டு இருப்பேன். நீயும் பாரு. 9, 7. அடுத்த வரியில 7, 9. எடம் மாறி உக்காந்திருக்கானுவ. எதையும் பெருக்காம அப்படியே கூட்டு. 16 நாரத்தை, 16 விளாம்பழம், விலை 208. அப்பம் ஒரு நாரத்தையும் ஒரு விளாம்பழமும் சேந்து 13. இப்பம் மேல் வரியிலேருந்து கீழ் வரியக் கழி, அதாவது குறியத் திருப்பிக் கூட்டு. 2 நாரத்தை கழித்தல் 2 விளாம்பழம் = 6. அப்பம் நாரத்தை விளாம்பழத்த விட 3 கூட. கூட்டுனா 13, வித்தியாசம் 3. எட்டும் அஞ்சும். பேனா மூடியக் கூடத் தொறக்க வேண்டாம்.

ஒங்க வாத்தியார்மார் பரீச்சையில பயமுறுத்துறதுக்குன்னே ஒரு கணக்கு வச்சிருப்பாங்க: 99முத்து + 101சுடலை = 499, 101முத்து + 99சுடலை = 501. போன மாசம் இத நீ 99-ஆல பெருக்கிக்கிட்டு இருந்தத ஒங்க ஆச்சி பாத்துட்டு, பிள்ளைக்குக் காய்ச்சலோன்னு நெத்தியத் தொட்டுப் பாத்தா. கூட்டு. 200, 200, 1000. முத்தும் சுடலையும் சேந்தா 5. கீழ் வரியிலேருந்து மேல் வரியக் கழி. 2முத்து − 2சுடலை = 2, வித்தியாசம் 1. மூணும் ரெண்டும். கணக்கு குடுத்தவன் ஒம் பெருக்கல் வாய்ப்பாட்டச் சோதிக்கல, ஒனக்குக் கண்ணு இருக்கான்னு சோதிச்சிருக்கான்.

மத்த முறையெல்லாம் கெட்ட முறைன்னு சொல்ல வரல. பிரதியிடல் முறை இருக்கு. ஒரு வரியில முத்து ஒத்த ஆளா, முன்னால எண் எதுவும் இல்லாம நின்னா அதுதான் சுளுவு. ஆனா நம்ம கணக்குல முத்து = (25 − 4சுடலை) / 3-ன்னு எழுதிட்டு, அந்தப் பின்னத்தத் தூக்கிக்கிட்டு அடுத்த வரிக்குள்ள போறது ஒனக்குத் தேவையா? வரைபட முறை பாக்க அழகு. ரெண்டு கோடும் வெட்டுற எடத்துல விடை. நீ பென்சில் சீவுற லெச்சணத்துக்கு அந்த எடம் ஒரு மொளகு அளவு இருக்கும். அதுக்குள்ள எந்தப் புள்ளின்னு யாரு சொல்லுறது? குறுக்குப் பெருக்கல் சூத்திரத்த மனப்பாடம் பண்ணிட்டேன்னு அடுத்த வீட்டுப் பையன் பீத்திக்கிட்டுத் திரியான். எந்தக் கழித்தல் எங்க வரும்னு பரீச்சை மண்டபத்துல விட்டத்தப் பாத்துக்கிட்டு இருக்கப் போறதும் அவந்தான்.

அடுத்த வருசம் மூணு மாறி வரும், முத்து, சுடலையோட இன்னொருத்தனும். அதுக்கு இப்பமே முகத்தத் தொங்கப் போடாத. சீனாக்காரன் ரெண்டாயிரம் வருசத்துக்கு முன்னயே அதப் போட்டு முடிச்சிட்டான். ‘ஒன்பது அத்தியாயங்கள்’னு அவங்க கணக்குப் புத்தகம், எட்டாவது அத்தியாயம் முழுக்க இதே சோலிதான். அவன்கிட்ட எக்ஸும் கெடையாது, ஒய்யும் கெடையாது. பலகையில குச்சி அடுக்குவான். குச்சி இருக்கிற எடந்தான் பேரு. கூட்டலுக்குச் செவப்புக் குச்சி, கழித்தலுக்குக் கறுப்புக் குச்சி. லியூ ஹுய்னு ஒருத்தர் 263-ல அந்தப் புத்தகத்துக்கு உரை எழுதும்போது இந்தக் கலரையெல்லாம் சொல்லி வச்சிருக்கார். நீ குறியில கோட்ட விடுறதப் பாத்தா, ஒனக்கும் ரெண்டு கலர் பேனா வாங்கிக் குடுக்கணும்னு தோணுது.

அந்த அத்தியாயத்துல மொத கணக்கே தானியம்தான். நல்ல கதிர்க்கட்டு 3, நடுத்தரம் 2, மட்டம் 1 சேந்தா 39 அளவு தானியம். 2, 3, 1 சேந்தா 34. 1, 2, 3 சேந்தா 26. ஒவ்வொரு கட்டுலயும் எம்புட்டு? மேல ரெண்டு வரியப் பாரு, மட்டக் கட்டு ரெண்டுலயும் ஒண்ணுதான். குறியத் திருப்பிக் கூட்டுனா நல்லது − நடுத்தரம் = 5. ஒருத்தன் காலி. அடுத்து மொத வரிய 3-ஆல பெருக்கி, மூணாவது வரியக் குறியத் திருப்பி அதோட கூட்டு: 8 நல்லது + 4 நடுத்தரம் = 91. இப்பம் நமக்குப் பழகுன ரெண்டு வரிதான். முன்ன வந்தத 4-ஆல பெருக்கிக் கூட்டு, 12 நல்லது = 111. நல்ல கட்டு ஒம்பதே கால். நடுத்தரம் நாலே கால். மட்டம் ரெண்டே முக்கா. காலும் முக்காலும் வந்தவொடனே தப்பாப் போச்சின்னு அடிச்சிராத. விடை முழு எண்ணாத்தான் வரும்னு எந்தப் பஞ்சாயத்துலயும் தீர்ப்பு கெடையாது.

இம்புட்டையும் சீனாக்காரன் செஞ்சி வச்சான். பேரு யாருக்குத் தெரியுமா? ஜெர்மனியில காஸ்னு ஒருத்தருக்கு. அவர் 1810 வாக்குல பல்லாஸ்ங்கிற குறுங்கோள் போற பாதைய ஆறு மாறிகளோட கணக்குப் போடும்போது, ஒவ்வொருத்தனா வெளிய அனுப்புற இந்த வேலைய நறுவிசா ஒழுங்குபடுத்தி எழுதுனார். பொறவு வந்தவங்க ‘காஸ் நீக்கல் முறை’ன்னு பேர் வச்சிட்டாங்க. கம்ப்யூட்டர்லயும் அதத்தான் ஓட்டுதாங்க. நல்லா எழுதி வச்சவனுக்குப் பேரு, மொதல்ல செஞ்சவனுக்குக் குச்சி. ஒம் நோட்டு இருக்கிற இருப்புக்கு ஒனக்கு ரெண்டும் கெடையாது.

விடை வந்தவொடனே வெளாட ஓடாத. ரெண்டு விடையையும் ஆரம்பத்துல குடுத்த ரெண்டு வரியிலயும் போட்டுப் பாரு. நீ பெருக்கி வச்ச வரியில போடாத, அது ஒம் பக்கத்துச் சாட்சி. சுடலைய எந்த வரியிலேருந்து கண்டுபிடிச்சியோ அந்த வரியில மட்டும் போட்டாலும் செல்லாது. அது எப்பமும் ஒனக்குத்தான் தலையாட்டும்.

இன்னும் ஒண்ணு பாக்கி. இந்தா, சட்டைப் பையில டீக்கடைச் சீட்டு மூணு வச்சிருக்கேன். மொத நாள் 2 டீ, 3 வடை, 54 ரூவா. அடுத்த நாள் கூட்டாளிமாரோட போனேன். 6 டீ, 9 வடை, 162 ரூவா. டீ என்ன விலை, வடை என்ன விலைன்னு கண்டுபிடி பாப்போம். மொதச் சீட்ட −3-ஆல பெருக்கிக் கூட்டுனியா? டீயும் போயி, வடையும் போயி, 0 = 0. பயப்படாத. ரெண்டாவது சீட்டு புதுசா எதுவும் சொல்லல, மொதச் சீட்டையே மூணு மடங்காச் சொல்லுது. டீ 12, வடை 10-ன்னாலும் சரியா வரும். டீ 15, வடை 8-ன்னாலும் சரியா வரும். ‘எண்ணிலடங்காத் தீர்வுகள்’னு எழுதிட்டுப் போயிரு, முழு மார்க்கு.

மூணாவது சீட்டு நேத்து உள்ளது. 4 டீ, 6 வடை, 113 ரூவா. மொதச் சீட்ட −2-ஆல பெருக்கி இதோட கூட்டு. என்ன வந்துச்சி? 0 = 5. ஏலே, ஏலே, அடிக்காத! ஒம் கணக்கு சரிதான். ‘விடை 5’ன்னும் எழுதித் தொலைக்காத. பூச்சியமும் அஞ்சும் ஒருநாளும் ஒண்ணாகாது. டீக்கு எந்த விலை வச்சாலும், வடைக்கு எந்த விலை வச்சாலும், இந்த ரெண்டு சீட்டும் சேந்து உண்மையா இருக்க வழியே இல்லன்னு அர்த்தம். பரீச்சையில ‘தீர்வு இல்லை’ன்னு எழுதணும். டீக்கடையில அஞ்சு ரூவாயத் திருப்பிக் கேக்கணும்.

சீட்ட எடுத்துக்கிட்டு நீயே போயிட்டு வா. கூட்டிக் காட்டிக் கேளு, கூச்சப்படாத. கணக்கு யாரு போட்டதுன்னு கேட்டா நான்தான் போட்டேன்னு சொல்லு, தாத்தா பேர எடுத்துராத. நாளைக்குக் காலையில எனக்கு அங்கதான் டீ.